107 பிறக்கவே இல்லை

3 பிப்ரவரி 2025, திங்கள்

பாலிகார்பனேட் ஷீட் ஏற்றிய லாரி இன்றும் வரவில்லை. மூன்று தடவை போன் போட்டேன். மூன்று தடவையும் "கரூர் தாண்டிட்டோம் மேடம்" என்றே பதில். கரூர் அவ்வளவு பெரிய ஊர் என்று இத்தனை நாள் எனக்குத் தெரியாது.

மத்தியானம் மும்பைக்கு விண்ணப்பத்தை அனுப்பிவிட்டேன். புகையைக் குறைக்கிற தொழில்களில் மட்டும் பணம் போடும் முதலீட்டு நிறுவனம் அது. என் பட்டறை தேர்வானால் அரியமங்கலத்தில் பக்கத்து மனையில் புது ஷெட் எழும்பும். மாதம் இரண்டு சோலார் டிரையர் என்று நொண்டாமல் இருபது செய்யலாம்.

"இதுவரை எத்தனை இயந்திரங்கள்?" என்று ஒரு கட்டம். ஷெட்டில் நின்ற கடைசி டிரையரின் நம்பர் தகட்டைப் பார்த்தேன். 214. அதையே தட்டினேன். தட்டிவிட்டுக் கொஞ்ச நேரம் திரையையே பார்த்துக்கொண்டிருந்தேன். இருநூற்றுப் பதினாலு!

ஏழு வருஷத்துக்கு முன்னால் இதே பட்டறையில் அனல் மின் நிலையங்களுக்குப் பாய்லர் குழாய் வளைத்தோம். ஆர்டர் வற்றியபோது "பட்டறையை வித்துடு ராணி" என்றார்கள் எல்லோரும். விற்கவில்லை. நிலக்கரிக்காக வெல்டிங் பிடித்த அதே கைகள் வெயிலுக்குப் பெட்டி கட்டின. வாழைப்பழத்தைத் துண்டு போட்டுக் காயவைக்க இனி விறகு வேண்டாம் என்று தொட்டியத்துக்காரர்களிடம் போய்ச் சொன்னவள் நான்தான். பெருமைதான். எழுதிக்கொள்கிறேன், யார் கேட்கப் போகிறார்கள்.

5 பிப்ரவரி

லாரி வந்துவிட்டது. கரூர் தாண்டியாயிற்று.

24 பிப்ரவரி, திங்கள்

போன். மும்பை நிறுவனத்திலிருந்து ஒரு பெண். ஆங்கிலத்தில் ஆரம்பித்தாள். நானும் தட்டுத்தடுமாறி ஆங்கிலத்திலேயே பதில் சொன்னேன். கடைசியில் அவளே சிரித்துவிட்டு, "மேடம், நான் பாலக்கரைதான். தமிழ்லயே பேசலாம்" என்றாள். பெயர் அல்ஷிஃபா. முதல் சுற்றில் தேர்வாகிவிட்டோமாம். இனி சோதனை.

ரசூல் பாயிடம் ஓடிப்போய்ச் சொன்னேன். பாய்லர் காலத்திலிருந்து என்னோடு இருக்கிற மேஸ்திரி. டிரையரில் நம்பர் அடிப்பதும் அவர்தான், எது எந்த ஊருக்குப் போனது என்று பதிவேட்டில் எழுதுவதும் அவர்தான். கையைத் துடைத்துக்கொண்டு, "உங்க வாய்க்குத்தான் ராணிம்மா அவங்க மயங்கியிருப்பாங்க" என்றார். பட்டறையில் எல்லோருக்கும் நான் மேடம். அவருக்கு மட்டும் ராணிம்மா.

6 மார்ச், வியாழன்

ஸ்ரீரங்கத்தில் மகளிர் தொழில்முனைவோர் கூட்டம். மேடையில் 214 என்று நான்கு இடத்தில் சொன்னேனாம். என் வீட்டுக்காரர் ரெங்கராஜ் பின்வரிசையில் உட்கார்ந்து எண்ணியிருக்கிறார். கணக்கு வாத்தியார் புத்தி.

18 மார்ச், செவ்வாய்

அல்ஷிஃபா பத்து நம்பர்கள் அனுப்பியிருக்கிறாள். கம்ப்யூட்டர் குலுக்கிப் போட்ட நம்பர்களாம். அந்தப் பத்து டிரையரும் எங்கே இருக்கின்றன, ஓடுகின்றனவா என்று நேரில் பார்ப்பார்கள். வந்து பார்க்கட்டும், பெட்டி ஒவ்வொன்றும் ஒரு வெல்டிங் பாடம்.

பதிவேட்டை எடுத்து ஒன்பதைக் கண்டுபிடித்தேன். 107 மட்டும் இல்லை. 106 முசிறி. அடுத்த வரி 108, லால்குடி. நடுவில் ஒன்றும் இல்லை. பக்கம் கிழிந்த அடையாளமும் இல்லை.

19 மார்ச், புதன்

இதை எழுதக் கை வரவில்லை.

காலையில் போனதும் எல்லோர் முன்னாலும் கேட்டுவிட்டேன். "பாய், 107 எங்க போச்சு? யாருக்குக் குடுத்தீங்க?" கேட்ட தொனி இருக்கிறதே. கிரைண்டர் சத்தம்கூட நின்றுவிட்டது. பட்டறையிலிருந்த ஒன்பது பேரும் அவரைப் பார்த்தார்கள்.

அவர் கண்ணாடியைக் கழற்றி, துடைத்து, மறுபடி மாட்டிக்கொண்டார்.

"107 பொறக்கவே இல்லை."

"என்ன பாய் சொல்றீங்க?"

"ஒண்ணும் ஏழும் எட்டு. எட்டு வர்ற நம்பரை நான் அடிக்கிறதில்லை."

அப்புறம்தான் முழுக் கதையும் வந்தது. எங்கள் எட்டாவது டிரையரை வாங்க வந்தவர் தொட்டியம் வீரமலை. தகட்டைப் பார்த்துவிட்டு, "எட்டு எனக்கு ஆகாது, வேற குடுங்க" என்று திரும்பிப் போய்விட்டாராம். வேறு ஏது? ரசூல் பாய் எட்டைத் தேய்த்துவிட்டு அதே தகட்டில் ஒன்பது அடித்து மறுநாள் கொடுத்தாராம். பதினேழுக்கும் அதே தகராறு. அன்றிலிருந்து கூட்டினால் எட்டு வருகிற எந்த நம்பரையும் அவர் அடிக்கவில்லை. "எனக்கு அதுல நம்பிக்கை இல்லை. வாங்குறவங்களுக்கு இருக்கு."

வீட்டில் ரெங்கராஜ் கேட்டுவிட்டு விரல் மடக்கினார். எட்டிலிருந்து ஒன்பது ஒன்பதாகக் கூட்டிக்கொண்டே போனால் 214க்குள் இருபத்து மூன்று நம்பர்கள். அப்படியானால் நாங்கள் செய்தது 191.

ஏழு வருஷம் முதலாளியாக இருந்து நான் ஒருநாளும் எண்ணிப் பார்க்கவில்லையே. கடைசித் தகட்டைப் பார்த்து மேடையெல்லாம் பீற்றிக்கொண்டேன்.

அதைவிட உறுத்துவது இது. நோன்பு வைத்திருக்கிற மனுஷன். தண்ணிகூடக் குடிக்காம நெருப்பு முன்னால நிக்கிறவர். அவரைப் போய்த் திருடன் மாதிரி கேட்டேனே. என்ன பொம்பளை நான்?

20 மார்ச், வியாழன்

ரெங்கராஜ் யோசனை சொன்னார். "ஒரு டிரையர்தானே. இன்னிக்கே 107னு ஒண்ணு அடிச்சு எங்கேயாவது நிறுத்திடு. யாருக்குத் தெரியப்போவுது?"

சாயங்காலம் எல்லோரும் போன பிறகு நம்பர் அடிக்கிற பஞ்ச் செட்டை நானே எடுத்தேன். ஒரு தகட்டில் 1 அடித்தேன். பக்கத்தில் 0. ஏழைக் கையில் எடுத்துவிட்டேன், அடிக்கவில்லை. நேற்று யாரைத் திருடன் என்று நினைத்தேனோ அவர் பஞ்ச்சை வைத்து நானே திருடுகிறேன்.

10 என்று அடித்த தகடு மேஜை டிராயரில் கிடக்கிறது.

21 மார்ச்

"ஷீட் அளவு எடுத்தாச்சு மேடம்" என்றார் ரசூல் பாய். மேடமாம்.

24 மார்ச், திங்கள்

அல்ஷிஃபாவுக்குப் போன் போட்டு எல்லாவற்றையும் சொன்னேன். 214 இல்லை, 191. ஏன் என்றும் சொன்னேன்.  "எனக்குப் புரியுது மேடம். எங்க தெருவுல வண்டி நம்பருக்கு எவ்ளோ நாள் காத்திருப்பாங்கன்னு எனக்குத் தெரியும். ஆனா மும்பைக் கமிட்டிக்கு இதை எப்படிச் சொல்றது?" என்றாள். விண்ணப்பத்தில் தப்பான எண்ணிக்கை இருந்தால் நிராகரிக்கலாம் என்று அவர்கள் விதியிலேயே இருக்கிறதாம்.

சொல்லிவிட்டேன். பயமாகத்தான் இருக்கிறது. ஆனால் மதியம் சாப்பாடு இறங்கியது.

31 மார்ச், திங்கள்

ரம்ஜான். வருஷா வருஷம் பிரியாணி வரும், ரசூல் பாயே தூக்கிக்கொண்டு திருவானைக்காவலில் எங்கள் வீடு வரை வருவார். இந்த வருஷமும் பிரியாணி வந்தது. அவர் மனைவி சுராயா ஆட்டோவில் கொண்டுவந்தார். "அவருக்குக் கால் வலிக்குதாம்" என்றார் என் முகத்தைப் பார்க்காமல்.

1 ஏப்ரல், செவ்வாய்

அவர் வீட்டுக்கே போய் மன்னிப்புக் கேட்டேன். ஷீர் குர்மா கொடுத்தார்கள். "மன்னிப்பெல்லாம் எதுக்கு மேடம்" என்றார். மேடம் போகவில்லை.

9 ஏப்ரல், புதன்

அல்ஷிஃபா வந்து இரண்டு நாளாக ஒன்பது டிரையரையும் பார்த்தாள். முசிறி, லால்குடி, குளித்தலை, கடைசியில் தொட்டியம். வழி காட்டியது ரசூல் பாயின் பதிவேடு. ஊர், தெரு, போன் நம்பர், எந்த மரத்துப் பக்கத்தில் திரும்ப வேண்டும் என்பது வரை எழுதியிருக்கிறார்.

ஒன்பதும் ஓடுகின்றன. லால்குடியில் முருங்கைக் கீரை, முசிறியில் கொப்பரை. தொட்டியத்தில் வீரமலை வீட்டுக்கும் போனோம். அவருடையது 9. ஆயுத பூஜைக்கு ஆயுத பூஜை பூசிய சந்தனம் தகட்டின்மேல் ஏடாக ஒட்டியிருந்தது. அல்ஷிஃபா ஈரத்துணியால் துடைத்துப் போட்டோ எடுத்தாள். வீரமலை "அதைப் போயி ஏம்மா துடைக்கிற" என்று பதறினார். அப்புறம் அவரே ஆரம்பித்துவிட்டார்: "முன்னெல்லாம் நாலு டன் விறகு வேணும் வருசத்துக்கு. வீடு முழுக்கப் புகை. எங்க வீட்டம்மா இருமிக்கிட்டே கெடப்பா. இப்ப இருமலும் இல்ல, விறகும் இல்ல."

அவள் எழுதிக்கொண்டாள். நான் வாழைத்தோப்புப் பக்கம் திரும்பிக் கண்ணைத் துடைத்துக்கொண்டேன். வெயில் என்று சொல்லிக்கொள்ளலாம்.

17 ஏப்ரல், வியாழன்

மூன்று நாளாக நானும் ரசூல் பாயும் ஆளுக்கொரு போனை வைத்துக்கொண்டு 191 பேரையும் கூப்பிட்டுவிட்டோம். 187 ஓடுகின்றன. ஒன்று கொள்ளிடத்து வெள்ளத்தில் போனது. இரண்டை விற்றுவிட்டார்கள், வாங்கினவர்கள் போனில் சரியாகச் சொல்லவில்லை. ஒன்றில் வெங்காயம் கொட்டி வைத்திருக்கிறார் ஒரு மகராசன்.

மூன்று நாளும் வேலைப் பேச்சு மட்டும். "அடுத்து யாரு மேடம்?" "குளித்தலை பாய்."

22 ஏப்ரல், செவ்வாய்

கமிட்டி. கம்ப்யூட்டரில் ஐந்து முகங்கள். அல்ஷிஃபா இங்கே வந்து என் பக்கத்தில் உட்கார்ந்து மொழிபெயர்த்தாள். இன்னொரு பக்கம் ரசூல் பாயை உட்கார வைத்தேன். வரமாட்டேன் என்றார், விடவில்லை.

ஒருவர் கேட்டார்: எட்டுக்குப் பயப்படுகிறவர்களின் இயந்திரத்தை நாங்கள் எப்படி நம்புவது?

எனக்குச் சுருக்கென்றது. "பயம் வாங்குறவங்களுக்கு சார். வெல்டிங் எங்களுக்கு" என்றேன். அல்ஷிஃபா அதை ஆங்கிலத்தில் சொல்லும்போது அவளே சிரித்துவிட்டாள்.

அப்புறம் நிதானமாகச் சொன்னேன். நான் 214 என்று எழுதியது தப்பு. எண்ணாமல் எழுதியது என் தப்பு. இவர் தப்பு இல்லை. நம்பரைத் தாண்டினார், ஆனால் ஒரு டிரையரையும் தாண்டவில்லை. செய்தது ஒவ்வொன்றும் இவர் எழுத்தில் இருக்கிறது. அதில் 187 இன்றும் ஓடுகிறது. 191 பேரின் போன் நம்பரும் தருகிறேன், யாரை வேண்டுமானாலும் கூப்பிடுங்கள். வெங்காயக்காரரையும் சேர்த்துத்தான்.

ஒரு அம்மாள், தலை நரைத்தவர், அதுவரை பேசாதவர், கேட்டார்: "187 இப்போதும் ஓடுகிறதா? ஏழு வருஷத்துக்குப் பிறகு?" ஆமாம் என்றேன். அவர் குனிந்து எதையோ எழுதினார். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை.

23 ஏப்ரல், புதன்

வீட்டில் போய்க் கேட்ட மன்னிப்பு வீட்டோடு போயிற்று. பழியாகக் கேட்ட இடத்தில் அல்லவா மன்னிப்பும் கேட்க வேண்டும்? காலையில் மெஷினை எல்லாம் நிறுத்தச் சொல்லி, எல்லோர் முன்னாலும், "அன்னிக்கு நான் பாயைச் சந்தேகப்பட்டேன். அது என் புத்திகெட்டதனம்" என்றேன். 

ரசூல் பாய் காது மடலெல்லாம் சிவந்து, "சரி சரி, வேலையப் பாருங்கப்பா" என்றார்.  டீ வந்தபோது என் மேஜைக்கு ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்து குடித்தார்.

2 மே

பதில் இல்லை.

9 மே

இல்லை. ரெங்கராஜ் ஒன்றும் கேட்பதில்லை. அவர் யோசனையைக் கேட்டிருக்கலாமோ என்று ஒரு நிமிஷம். ஒரே நிமிஷம்தான்.

19 மே, திங்கள்

கிடைத்துவிட்டது.

கிடைத்துவிட்டது!

அல்ஷிஃபாதான் கூப்பிட்டாள். அந்த நரைத்த அம்மாள் கமிட்டியில் சொன்னாராம்: நாம் பணம் போட்ட இடங்களில் எண்ணிக்கை எல்லாம் சரியாக இருக்கும், போய்ப் பார்த்தால் பாதி இயந்திரம் மூடிக் கிடக்கும். இங்கே எண்ணிக்கை குறைவு, இயந்திரம் ஓடுகிறது.

ஒரு நிபந்தனை. இனி ஒரு நம்பரையும் தாண்டக் கூடாது. வரிசை வரிசையாகத்தான் அடிக்க வேண்டும். ஒப்பந்தத்திலேயே எழுதியிருக்கிறார்கள். இப்போது 220 வரை வந்திருக்கிறோம், பிப்ரவரியிலேயே பாய் தாண்டிய 215 இருபத்து நாலாவது. 224 வரும்போது பார்த்துக்கொள்ளலாம் என்றேன். ரசூல் பாய் தலையைச் சொறிந்தார்.

இரவுச் சாப்பாட்டுக்கு ரெங்கராஜ் பால் பாயசம் வைத்தார். அடி பிடித்திருந்தது. இரண்டு கிண்ணம் சாப்பிட்டேன்.

30 ஜூன்

பக்கத்து மனையில் தூண் நிறுத்தியாயிற்று. வெயில் தாங்கவில்லை. எங்களுக்கு அது நல்லதுதானே.

17 ஜூலை, வியாழன்

224 ஐந்து நாளாக வாசலில் நிற்கிறது. இரண்டு பேர் பார்த்து, விரல் விட்டு எண்ணி, "அடுத்தது எப்ப வரும்?" என்று கேட்டுவிட்டுப் போய்விட்டார்கள்.

இன்று வீரமலை வந்தார். தோப்பை விரிவுபடுத்தியிருக்கிறாராம், இன்னொரு டிரையர் வேண்டும்.  இந்தக் கதையை ஆரம்பித்து வைத்த ஆளே அவர்தானே. எட்டு ஆகாது என்று அவர் திரும்பினால் தொட்டியம் முழுக்கத் திரும்பும். ஆனால் தேய்க்கிறதில்லை என்று மனதுக்குள் முடிவு செய்துகொண்டேன். ரசூல் பாயும் டிரில்லை நிறுத்திவிட்டுப் பக்கத்தில் வந்து நின்றார்.

வீரமலை குனிந்து தகட்டைப் பார்த்தார். உதடு அசைந்தது.

"இதுவும் எட்டா?"

"ஆமாங்க" என்றேன். "இனிமே நம்பரை மாத்தறதில்லை."

"சரி, வண்டியில ஏத்துங்க."

எனக்குப் புரியவில்லை. ரசூல் பாய்தான் கேட்டார். "எட்டு ஆகாதுன்னு அன்னிக்குச் சொன்னீங்களே?"

"சொன்னேன். ஆனா பழசும் எட்டுதானே பாய், நல்லாத்தானே ஓடுது."

"பழசு ஒம்பதுல்ல?"

"ஒம்பதுக்கு அடியில எட்டு அப்பிடியே தெரியுது. கொண்டுபோன அன்னிக்கே பாத்துட்டேன். வீட்ல பாத்தா பயந்துக்குவாங்கன்னுதான் சந்தனத்தைப் பூசி வச்சேன். அன்னைக்கு அந்தப் பொண்ணு துடைச்சப்ப எனக்குத் திக்குன்னு ஆயிடுச்சு."

"அப்பவே வந்து சொல்லியிருக்கலாம்ல?"

வீரமலை துண்டை உதறித் தோளில் போட்டார். "நம்ம மனசுக்காக ஒரு மனுசன் ஒக்காந்து தேய்ச்சிருக்காரு. அதைப் போயி பொய்யுன்னு எப்பிடிச் சொல்றது?"

ரசூல் பாய் வாயைப் பொத்திக்கொண்டார். தோள் குலுங்கியது. சிரிக்கிறாரா அழுகிறாரா என்று பார்த்தேன், சிரிப்புதான். கண்ணில் தண்ணீர் வருகிற சிரிப்பு.

"கேட்டீங்களா ராணிம்மா? இருபத்து நாலு நம்பரு! சும்மா!"

அவருக்குத் தெரியவில்லை என்ன சொன்னார் என்று. நான் பதிவேட்டை எடுத்துவரப் போனேன். 223க்கு அடுத்த வரியில் நானே எழுதினேன்: 224, வீரமலை, தொட்டியம்.