சிவப்புக் காயைத் திட்டிய படம்

அன்பு மகனுக்கு,

நான்கு மாதம் வாயை மூடிக்கொண்டு இருந்தது போதும். நீ சுகமாக இருக்கிறாய் என்று தெரியும், உன் அம்மா தினமும் கைபேசியில் உன் முகத்தைப் பார்த்துவிடுகிறாள். அவளுக்கு முழங்கால் வலி தேவலை. உன் தங்கைக்கு வேலை நிரந்தரமாகிவிட்டது. எனக்குத்தான் ஞாயிற்றுக்கிழமை இல்லாமல் போய்விட்டது, அதைச் சொல்லவே இந்தக் கடிதம்.

மின்சாமான் கடையின் பின்னறையில் பத்தொன்பது வருடமாகக் கேரம் ஆடுகிறேன். வாரம் முழுக்கப் பள்ளிக்கூடத்தில் அளந்து பேசுகிறவன், அங்கேதான் வாய்விட்டுக் காய்களைத் திட்டுவேன். குழி ஓரம் வந்து நின்ற சிவப்பைப் பார்த்து, "வாசல் வரைக்கும் வந்துட்டு என்னடி வெக்கம், இறங்குடி உள்ள!" என்று கத்தியதை, விடுமுறைக்கு வந்த நீ பின்னால் நின்று படம் பிடித்தாய். மகன் ஆசையாக எடுக்கிறான் என்று நினைத்து இன்னும் இரண்டு கூடுதலாகத் திட்டினேன், அந்த மடத்தனம் என்னுடையது. நீ அதை இணையத்தில் போட்டு உலகத்துக்கே காட்டினாய். முடிதிருத்துகிறவர் என் கழுத்தில் கத்தியை வைத்துக்கொண்டு, "சார், அந்த என்னடி வெக்கத்த ஒரு தடவ சொல்லுங்களேன்" என்கிறார். ஒன்பதாம் வகுப்பில் கணக்குப் போடக் கரும்பலகைப் பக்கம் திரும்பினால் பின்பெஞ்சிலிருந்து அதே குரல். கேரம் அறை வாசலில் கைபேசியோடு நாலு பேர். என் ஜோடி மருந்துக்கடைக்காரர், "வாயத் திறக்காம ஆடுறதுன்னா வாங்க சார்" என்றார். ஆடிப் பார்த்தேன், கை ஓடவில்லை. மூன்று வாரமாகப் போகவில்லை.

அப்போதே படத்தை நீக்கிவிடச் சொன்னதற்கு நீ, "மூணு லட்சம் பேர் சிரிச்சிருக்காங்கப்பா, ஜாலியா எடுத்துக்கோங்க" என்றாய். உன் அம்மா, "பிள்ளை பெருமையாத்தானே போட்டிருக்கான்" என்கிறாள். பெருமையாம். 'என்னை விளையாட விடாதவர் விளையாடுகிறார்' என்று படத்துக்கு மேலே எழுதியிருக்கிறாயே, அது பெருமையா? பத்தாம் வகுப்பில் உன் வீடியோ கேம் வயரை வெட்டினேன். பரீட்சைக்காக வெட்டினேன், இன்றைக்கும் வெட்டுவேன். ஆனால் அன்று நீ சுவரோரம் உட்கார்ந்து அழுததை நான் யாரையும் கூப்பிட்டுக் காட்டவில்லை.

அந்தப் படத்தை நீக்கிவிடு, மறக்காதே. வேளைக்குச் சாப்பிடு. நன்றாக இரு, கோபத்தில் சொன்னாலும் ஆசீர்வாதம் ஆசீர்வாதம்தான். கீழே பெயர் எழுதப் போனேன், இதையும் நீ நாலு பேருக்குக் காட்டிச் சிரிக்க வைக்கலாம் என்று தோன்றியது. யார் எழுதியது என்று உனக்கு மட்டும் தெரிந்தால் போதும். கையெழுத்துப் போடாமலே தபாலில் சேர்க்கிறேன்.