இன்ஜினை அணைத்தும் நிற்காத ராக்கெட்

தூத்துக்குடி
ஞாயிறு மாலை

அன்பு மகன் ஜாபேஸுக்கு,

கர்த்தருடைய கிருபையால் நானும் அப்பாவும் சுகம், ஜெர்மனியில் பிரேமன் நகரக் குளிரிலும் அவர் உன்னையும் சுகமாக வைத்திருப்பார் என்று நம்பி எழுதுகிறேன். போனில் எது கேட்டாலும் "ம்" என்று முடித்துவிடுகிறாய், அதனால் உன் ஜூனியர் கிளைட்டன் கொண்டுவரும் மக்ரூன் டப்பாவுக்குள் இதை வைத்திருக்கிறேன், தின்பதற்காகவாவது திறப்பாய் அல்லவா.

நீ அனுப்பிய ராக்கெட் சினிமாவைப் போட்டு ஒன்பதாம் வகுப்புக்குப் பாடம் நடத்தப் போகிறேன் என்றதும் அப்பா, "ஏளா, இடைவேளைக்கு முறுக்கு உண்டுமா?" என்று கேட்டுவிட்டுத் துறைமுகத்துக்குக் கிளம்பினார். தலைமையாசிரியர் தேவபிரசாதம் சார் சிரிக்கவில்லை. பிள்ளைகள் வெறும் வேடிக்கை பார்த்தால் இதுவே கடைசிப் படம், பிறகு கரும்பலகை போதும் என்று சொல்லி, கடைசி பெஞ்சில் வந்து உட்கார்ந்துகொண்டார். இது போனால் பிள்ளைகளுக்கு நியூட்டன் விதிகள் மறுபடியும் மனப்பாடம்தான்.

படத்தில் விண்வெளி வீரன் ஒருவன் இன்ஜினை அணைத்த பிறகும் அவன் ராக்கெட் போய்க்கொண்டே இருந்தது. உடனே தெரஸ்புரத்து மீனவர் வீட்டு ஸ்டெபி எழுந்து, "புளுகுதான் டீச்சர், இன்ஜினை ஆஃப் பண்ணுனா எங்கப்பா போட்டு கொஞ்ச தூரத்துல நின்னுருமே" என்றாள். வகுப்பே கைதட்டியது, தமிழ் படித்த நம் சாரும் தலையாட்டினார், பார்த்துக்கொள். நான் படத்தை நிறுத்தி, போட்டை நிறுத்துவது எது என்று கேட்டேன். தண்ணி என்றாள். விண்வெளியில் தண்ணீர் எங்கே இருக்கிறது என்றேன். உடனே அவளே, "அப்ப பிடிச்சு நிறுத்த ஒண்ணுமே இல்லையா? அவன் எப்படி வீட்டுக்கு வருவான் டீச்சர்?" என்றாள், குரலில் நிஜமான பயம். கரை வரும்போது அப்பா ரிவர்ஸ் போடுவார் இல்லையா, அதுபோல ராக்கெட்டைத் திருப்பி இன்ஜினைப் போட வேண்டும், அதற்கு எரிபொருள் மிச்சம் வைத்திருக்க வேண்டும் என்றேன். மணி அடித்தும் ஒரு பிள்ளை எழவில்லை. சார் மட்டும் எழுந்து வந்து, "மீதியை எப்ப போடுதீங்க? அவன் வந்து சேருதானா இல்லையா?" என்றார். வியாழக்கிழமை என்றேன், கதையைச் சொல்லவில்லை, சாரும் காத்திருக்கட்டும்.

ஸ்டெபியின் கேள்வி மட்டும் வீடு வரை கூடவே வந்தது. போன வேகத்தில் நீயும் போய்க்கொண்டிருக்கிறாய், எனக்குச் சந்தோஷம்தான், இழுத்து நிறுத்த மாட்டேன். கிறிஸ்துமஸுக்கு வந்துபோகிற அளவு லீவை மிச்சம் வை. ஞாயிறு ஆராதனையை விடாதே, தொப்பி போடாமல் வெளியே போகாதே. கர்த்தர் உன் கூடவே இருந்து காப்பாராக.

உன் அன்பு அம்மா,
ஜீவமணி