ஆத்தில விட முடியாத கல்

இஞ்சாருங்கோ, என்ர ராசா,

நீங்கள் கண்ணை மூடின பிறகு உங்களோட மனசுக்குள்ளதான் கதைக்கிறனான். இண்டைக்கு எழுதத்தான் வேணும்போல கிடக்கு. வாய்விட்டுச் சொன்னால் துளசிக்குக் கேட்டுடும். அவளுக்கு இப்ப ஏழு மாசம். ஓமப்பா, எங்கட மகள் பிள்ளைத்தாச்சி, நீங்கள் அம்மப்பாவாகப் போறீங்கள்! சந்தோசத்தைச் சொல்ல வந்த இடத்தில பயத்தையும் சேர்த்துச் சொல்லுறன், கோவிக்காதேங்கோ.

பயம் உங்கட கல்லைப் பற்றித்தான்.

டோர்வல் விமான நிலையத்தில உங்களோட சேர்ந்து பெட்டி ஏத்தின பியேர், அந்தக் கபோன் நாட்டுக்காரன், ஊருக்குப் போய் வரேக்க கொண்டுவந்து தந்தானே, கறுத்தக் கல். தகப்பன் சுரங்கத்தில வேலை செய்தவர், அங்க எடுத்தது எண்டு சொன்னவன். முட்டை வடிவு, அளவுக்கு மிஞ்சின பாரம். “இஞ்சேரும், சிவலிங்கமேதான்!” எண்டு நீங்கள் சாமித்தட்டில வைச்சிட்டீங்கள். சிவபெருமான் பியேரின்ர பெட்டிக்குள்ள வந்து இறங்கியிருக்கிறார் எண்டு நான் நக்கலடிச்சன். திங்கள்தோறும் பாலும் தண்ணியும் ஊத்தி அபிஷேகம் செய்வீங்கள். ஊத்தினதையே தீர்த்தம் எண்டு எங்களுக்கும் தருவீங்கள்.

போன ஞாயிறு மத்தியானம், மீன்குழம்போட சாப்பிட்டுக்கொண்டிருக்கேக்க, துளசி போனில பிரெஞ்சில எதையோ வாசிச்சிட்டு, “அம்மா, பியேர் மாமாவின்ர நாட்டைப் பற்றிப் போட்டிருக்கு” எண்டாள். அங்க ஒரு யுரேனியச் சுரங்கமாம். ஆரும் கட்டாமல், ஆரும் பத்த வைக்காமல், பூமிக்குள்ளயே அணு உலை எரிஞ்சதாம். இருநூறு கோடி வருசத்துக்கு முந்தி, மனிசரென்ன, ஒரு புல்லுகூட முளைக்காத காலத்தில. நிலத்தடித் தண்ணி கல்லுக்குள்ள ஊறினால் அணு பிளக்கத் தொடங்குமாம். சூடேறித் தண்ணி ஆவியாப் போனால் நிண்டிடுமாம். ஆறின பிறகு திரும்பத் தண்ணி ஊறுமாம், திரும்பப் பத்துமாம். லட்சக்கணக்கான வருசம் இதே வேலை.

“எந்த ஊர், பிள்ளை?” எண்டு கேட்டன். சொன்னாள். பியேரின்ர ஊருக்குப் பக்கத்து இடம். சோத்துக் கையோடயே எழும்பிப் போய்ச் சாமித்தட்டைப் பாத்தன்.

தண்ணி பட்டால் பத்துமாம், ராசா. நாங்கள் அந்தக் கல்லுக்கு வருசக்கணக்கா என்ன ஊத்தினனாங்கள்?

உங்கட இரத்தப் புற்றுநோய் ஏன் வந்ததெண்டு சொல்லேலாது, ஆருக்கும் வரலாம் எண்டு டொக்டர் சொன்னவர். அதை நம்பித்தான் இவ்வளவு நாளும் நித்திரை கொண்டனான். இப்ப என்னத்தை நம்பிறது? துளசி அந்தத் தீர்த்தத்தைக் குடிச்சு வளர்ந்தவள். அவளின்ர வயித்துக்குள்ள இருக்கிற குஞ்சு என்ன பாவம் செய்தது?

அடுத்தநாள் விடிய அவளுக்குச் சொல்லாமல் கல்லைத் தூக்கினன். வீட்டில வைச்சிருக்கக்கூடாத சாமியை ஓடுற தண்ணியில விடுறதுதானே எங்கட வழக்கம். உங்கட வேட்டியில சுத்தி, மரக்கறி வாங்கப் போற வண்டிலுக்குள்ள வைச்சு இழுத்துக்கொண்டு, பின்னால ஓடுற ஆத்துக்குப் போனன். ஐஸ் உடைஞ்சு தண்ணி பெருகி ஓடுது. “சிவசிவா, மன்னிச்சுக்கொள்ளும்” எண்டு கையை ஓங்கினன். கை போகேல்லை. ஐயோ, தண்ணியெல்லோ! தண்ணியில பத்தின சாமானைக் கொண்டுவந்து ஆத்துக்குள்ளயே போடப் பாத்தனே!

நாயோட நடந்து வந்த ஒரு கிழவர் “சா வா, மதாம்?” எண்டு பிரெஞ்சில சுகம் கேட்டார். “வீ, வீ”, ஓம் ஓம் எண்டு சொல்லிக் கல்லை நெஞ்சோட அணைச்சுக்கொண்டு திரும்பிட்டன். நெஞ்சோட அணைச்சனே எண்டு பிறகு அதுக்கும் பயந்தன்.

வீட்டை வந்து துளசிக்குச் சொன்னன். “அம்மா, உங்களுக்கென்ன விசரே?” எண்டு கத்தினாள். இப்ப எவ்வளவு தண்ணி ஊத்தினாலும் அது பத்தி எரியாதாம். பத்துற சாதி யுரேனியம் அந்தக் காலத்தில கூட இருந்ததாம், இவ்வளவு காலத்தில அது தேய்ஞ்சு குறைஞ்சு போச்சாம். “ஆனா கல்லில யுரேனியம் இருந்தால் அது வேற பிரச்சினை. கதிர்வீச்சை அளந்து பாக்கோணும். தொடாதேங்கோ” எண்டாள். அந்த “ஆனா”தான் என்னைத் தின்னுது.

அளக்கிற மெஷினோட வியாழக்கிழமை ஒரு ஆள் வாறார். அதுவரைக்கும் கல் பின் பல்கனியில, வெறும் அரிசி வாளிக்குள்ள கிடக்கு. கூரைப் பனி உருகிச் சொட்டுது. பத்தி எரியாது எண்டு அவள் சொல்லியும் நான் மேல குடை விரிச்சு வைச்சிருக்கிறன். சிரிக்காதேங்கோ.

நேற்றுத் தேத்தண்ணி குடிக்கேக்க துளசி தலை நிமிராமல் கேட்டாள்: “அம்மா, அப்பா எனக்கு எவ்வளவு தீர்த்தம் தந்தவர்?” அவளும் இவ்வளவு நாளும் பயத்தை விழுங்கிக்கொண்டுதான் இருந்திருக்கிறாள்.

“உனக்கு ஒரு சின்னக் கரண்டி, பிள்ளை, எனக்கும் அவ்வளவுதான். செம்பில மிஞ்சுறதைக் கீழ ஊத்தக்கூடாதெண்டு முழுக்க அவர்தான் குடிப்பார்.”

சொல்லி முடிக்கத்தான் நான் சொன்னது எனக்கே விளங்கிச்சுது. அவள் கோப்பையை வைச்சிட்டு வயித்தைப் பிடிச்சுக்கொண்டு அழுதாள். நானும் அழுதன்.

மெஷின் என்னத்தையும் சொல்லட்டும். பிறக்கிற பிள்ளைக்கு உங்களைப் பற்றி நான் முதல் சொல்லப்போறது இதுதான், சத்தியம்: உன்ர அம்மப்பா எங்களுக்குக் கரண்டியால தந்திட்டு, மிச்சம் முழுக்கத் தான் குடிச்ச மனிசன்.

அந்த ஒரு கரண்டிக்கே பயந்துகொண்டிருக்கிற,
உங்கட மனிசி