அமானிதமாக ஒரு குங்குமப் பொட்டலம்

அக்கா,

பீரோவை ஒழுங்குபடுத்திக்கொண்டிருந்த என் மகள், துணிகளுக்கு அடியிலிருந்து ஒரு காகிதப் பொட்டலத்தை எடுத்து வந்து, இது நம் வீட்டில் எதற்கு என்று கேட்டாள். கேட்க வேண்டிய கேள்விதான். பள்ளிவாசல் தெருவில், எங்கள் பீரோவுக்குள், குங்குமம். பொட்டலத்தின் மூலையில் கசிந்த சிவப்பு என் மாமியாரின் வெள்ளைத் துப்பட்டியில் வேறு ஒட்டியிருந்தது. அது ஓர் அக்காவின் அமானிதம், ஒருவர் நம்பிக் கொடுத்ததை அப்படியே காப்பாற்ற வேண்டும், எடுத்த இடத்தில் வை என்றேன். அவள் வைத்துவிட்டாள். எனக்குத்தான் அதற்குப் பிறகு வேலை ஓடவில்லை.

வெம்பக்கோட்டை போகும் வழியில் இருந்த அந்தப் பட்டாசுக் கம்பெனியில் நீங்கள் கம்பி மத்தாப்பைப் பெட்டியில் அடுக்குவீர்கள். நான் ஆர்டருக்குத் தக்கபடி பெட்டிகளைப் பிரித்து லோடுக்கு அனுப்புவேன். நீங்கள் அணைக்கட்டுப் பக்கத்து இலங்கை அகதி முகாமிலிருந்து நடந்து வருவீர்கள். நான் சிவகாசியிலிருந்து கம்பெனி வேனில் வந்து இறங்குவேன். விருதுநகரில் வற்றல் வியாபாரம் செய்த குடும்பத்தில் பிறந்ததால் எனக்குக் குரல் கொஞ்சம் பெரிது. முதல் நாளே, பெட்டியை இப்படியா அடுக்குவது என்று உங்களை அதட்டினேன். "ஓம், ஓம்" என்று தலையாட்டிவிட்டு நீங்கள் உங்கள் இஷ்டப்படியே அடுக்கினீர்கள். அன்றே எனக்கு உங்களைப் பிடித்துப்போனது.

நம் இருவருக்கும் வீட்டுக்காரர் பக்கத்தில் இல்லை. மத்தியானச் சாப்பாட்டின்போது பேசுவதற்கு அது போதுமானதாக இருந்தது. என்னவர் துபாயில் இருந்தார். வெள்ளிக்கிழமை தவறாமல் போன் செய்து, பேச விஷயம் இல்லாமல், ஊரில் மீன் என்ன விலை என்று விசாரிப்பார். உங்களவர் வன்னியில். உங்களையும் மகளையும் படகேற்றிவிட்டு, நடக்கமுடியாத தன் தாயைப் பார்த்துக்கொள்ள மகனோடு அங்கேயே நின்றுவிட்டவர். பின்னாலேயே வருவதாகச் சொன்னாராம்.

போர் நிறுத்தம் இருந்த காலத்தில் ஒரே ஒரு முறை அவருடன் போனில் பேசக் கிடைத்தது. பாதை திறந்துவிட்டது, நீ இங்கே வா என்று அவர் சொல்ல, மகள் படிக்கிறாள், நீங்கள் இங்கே வாருங்கள் என்று நீங்கள் சொல்ல, அந்தச் சண்டைக்குள்ளேயே இணைப்பு அறுந்துவிட்டது. "கொழுவுப்பட்டுப்போட்டன் பிள்ளை. சாப்பிட்டீங்களோ எண்டுகூடக் கேக்கேல்லை" என்று மறுநாள் என்னிடம் சொல்லிச் சிரித்தீர்கள். பிறகு போர் மறுபடி தொடங்கிற்று. பாதை மூடியது, கடிதமும் நின்றது. நீங்கள் காலையில் பெரிய பொட்டோடு வருவதும் மாலையில் அது வியர்வையில் பாதி கரைந்து போவதும் மட்டும் மாறவில்லை.

ஆயுத பூஜை அன்று கம்பெனியில் எல்லாப் பெண்களுக்கும் ஒரு பை கொடுப்பார்கள். சேலை, பொரி, மஞ்சள், ஒரு பொட்டலம் குங்குமம். புருஷனை இழந்தவர்களுக்கு மஞ்சளும் குங்குமமும் இருக்காது. எனக்கும் இருக்காது, நான் முஸ்லிம் என்பதால். யாருக்கு எந்தப் பை என்பது போர்மேன் அண்ணாச்சிக்கு மனப்பாடம். குங்குமம் வைக்காததற்கு ஈடாக எனக்குப் பொரியாவது கூடப் போடக்கூடாதா என்று நான் வருஷா வருஷம் அவரை வம்புக்கு இழுப்பேன். நீங்கள் உங்கள் பொரியில் கொஞ்சத்தை என் பக்கம் தள்ளிவிடுவீர்கள்.

போர் முற்றிக்கொண்டிருந்த ஒரு வருஷம், உங்கள் பையிலும் குங்குமம் இல்லை.

அண்ணாச்சி மறந்துபோகிற ஆள் அல்ல. கம்பெனிக்கு வெள்ளையடிக்க வந்த முகாம்காரர் ஒருவர், உங்கள் ஊரில் விமானம் குண்டு போட்டதை அவரிடம் சொல்லியிருக்கிறார். அதை உங்களிடம் சொல்ல அண்ணாச்சிக்கு வாய் வரவில்லை. தெரிந்துகொண்டே குங்குமம் கொடுக்கவும் கை வரவில்லை. ஆக, சத்தமில்லாமல் எடுத்துவிட்டார். உங்களை நோகடிக்காமல் இருக்க அவருக்குத் தெரிந்த வழி அதுதான். மனிதர் நல்லவர். நல்லவர்கள் யோசித்துச் செய்கிற காரியங்களைக் கண்டால் எனக்கு அன்றிலிருந்து கொஞ்சம் பயம்.

நீங்கள் பைக்குள் கைவிட்டுத் துழாவினீர்கள். சேலையை உதறிப் பார்த்தீர்கள். பிறகு நேராக அவரிடம் போய் நின்றீர்கள்.

"அண்ணை, இதிலை ஒண்டு குறையுது. என்ர மனுசனைப் பற்றி ஆரும் ஏதும் சொன்னவையோ?"

அண்ணாச்சி தரையைப் பார்த்தார். "ஊருல குண்டு விழுந்துருச்சாம் தாயி. ஒருத்தரும் மிச்சமில்லேன்னு பேசிக்கிட்டாக."

"அவரைக் கண்டவையோ?"

"காணலை தாயி."

"அப்ப தாங்கோ" என்று கையை நீட்டினீர்கள்.

பூஜைத் தட்டில் இருந்த குங்குமத்தை ஒரு காகிதத்தில் மடித்து அவர் கொடுத்தார். நீங்கள் திரும்பி வந்து உட்கார்ந்து, வழக்கம்போல எனக்குப் பொரியைத் தள்ளினீர்கள். அதில் பாதி கீழே கொட்டியது. இவ்வளவு பிடிவாதம் ஆகாது என்று அப்போது நினைத்தேன். உங்களுக்காகப் பயந்தும் போயிருந்தேன்.

போர் ஒரு வைகாசியில் முடிந்தது. டீக்கடை டிவியில் அதைப் பார்த்துவிட்டு வந்தவர்கள் உங்கள் முகத்தைப் பார்க்காமல் வேலை செய்தார்கள். சீசன் நேரம், வேலைக்குக் குறைவில்லை. ஆடியில் உங்கள் மகன் போனில் பேசினான். முள்வேலி போட்ட முகாமில் இருக்கிறானாம். அப்பம்மா முன்பே போய்விட்டாராம். அப்பா பதுங்கு குழியிலிருந்து தண்ணீர் எடுக்கப் போனார், ஷெல் விழுந்தது, திரும்பி வரவில்லை என்று சொன்னான். கண்டாயா என்று அவனிடமும் கேட்டிருக்கிறீர்கள். தேடினேன் அம்மா, காணவில்லை, அதற்குள் எல்லோரையும் துரத்திவிட்டார்கள் என்றானாம்.

இங்கே உங்கள் முகாமில் பலருக்கு அது போதுமாக இருந்தது. பொட்டை அழித்துவிட்டு ஆக வேண்டியதைச் செய், அவர் ஆத்மாவாவது சாந்தியடையட்டும் என்றார்கள். கண்டவர் யாராவது வரட்டும் என்பதே எல்லோருக்கும் உங்கள் பதில். என்னிடம் மட்டும் ஒருநாள், அவர் இல்லை என்று மனதுக்குத் தெரிகிறது, கைதான் கேட்க மாட்டேன் என்கிறது என்றீர்கள்.

அந்த வருஷ ஆயுத பூஜையில் அண்ணாச்சி எதையும் கேட்காமல் குங்குமம் வைத்த பையை உங்களிடம் கொடுத்தார். நீங்கள் பொட்டலத்தை எடுத்து என் கையில் வைத்து மூடினீர்கள்.

"இதை நீ வைச்சிரு பிள்ளை. நான் செத்தா, வைக்கிறதோ விடுறதோ எண்டு இவையள் யோசிப்பினம். நீ யோசியாத. கொண்டுவந்து வை."

பொட்டு வைத்துப் பழக்கமில்லாத என்னிடம் போய் இதைக் கொடுக்கிறீர்களே என்று கிண்டல் செய்தேன். நீங்கள் சிரிக்கவில்லை. அதனால் வாங்கிக்கொண்டேன்.

மார்கழியில் உங்களுக்கு நெஞ்சுவலி வந்தது. ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோவதற்குள் முடிந்துவிட்டது. தகவல் வந்ததும் பீரோவைத் திறந்து பொட்டலத்தை எடுத்துக்கொண்டு வேனில் ஏறினேன். முகாமில் உங்களைக் குளிப்பாட்டிப் புதுச் சேலை கட்டியிருந்தார்கள். நெற்றி மட்டும் வெறுமையாக இருந்தது. நீங்கள் சொன்னது போலவேதான், யோசித்துக்கொண்டிருந்தார்கள். உங்கள் மகள் யாரையும் நிமிர்ந்து பார்க்காமல் தலைமாட்டில் இருந்தாள்.

நான் பொட்டலத்தைப் பிரித்தேன். தலையில் முக்காட்டோடு ஒருத்தி குங்குமத்துடன் நிற்பதைப் பார்த்துப் பேச்சு நின்றது. எனக்கும் கை எழவில்லை. அப்போது ஆண்கள் நின்ற பக்கத்திலிருந்து, மாலையோடு வந்திருந்த அண்ணாச்சியின் குரல் கேட்டது.

"வைங்கம்மா. அவுகளுக்கு உண்டு."

வைத்தேன். கோணலாகத்தான் வந்தது. உங்கள் மகள் முந்தானை நுனியால் ஓரத்தைச் சரிசெய்து விட்டாள். அதற்குப் பிறகு யாரும் எதுவும் கேட்கவில்லை.

ஒரு விரல் தொட்டெடுத்ததுதான் செலவானது, அக்கா. மீதி அப்படியே இருக்கிறது. உங்கள் மகளிடம் கொடுக்கப் போனேன். நீங்களே வைத்திருங்கள் என்று திருப்பிவிட்டாள். அமானிதத்தை உரியவரிடம் சேர்க்க வேண்டும் என்பது எங்கள் வழக்கம். உரியவர் நீங்கள், நீங்கள் இல்லை. உங்களுக்கு அடுத்து உரியவர் உங்கள் மனுசன். அவர் வருவார் என்று நான் நம்பவில்லை. ஆனால் அவரைக் கண்டவர் இன்னும் யாரும் வந்து சொல்லவில்லை. ஒருவேளை என்றாவது வந்து கதவைத் தட்டினால், சாப்பிட்டீர்களா என்று முதலில் கேட்பேன். நீங்கள் கேட்க விட்டுப்போனது. பிறகு இந்தப் பொட்டலத்தை எடுத்துக் காட்டி, உங்கள் மனைவியாகத்தான் போனார்கள் என்று சொல்லுவேன்.