நான் சொல்லிக்கொடுத்த பேர்

எனக்கு முன்னால் பிறந்த என் ராஜாம்பாள் அக்காவுக்கு,

நீ போய் நாற்பது வருஷத்துக்கு மேல் ஆகிறது. இத்தனை நாள் ஒரு வரி எழுதாதவன் இன்றைக்கு ஏன் உட்கார்ந்தான் என்று நீ கேட்கமாட்டாய். யாரையும் நீ ஏன் என்று கேட்டவள் இல்லை. நேற்று வீட்டில் ஒரு சண்டை அக்கா. அதைச் சொல்லி அழ எனக்கு உன்னை விட்டால் ஆள் கிடையாது.

முதலில் வீட்டுச் செய்தி. திண்டிவனத்துக்கும் விழுப்புரத்துக்கும் நடுவே பஸ்ஸில் டிக்கெட் கிழித்தே என் காலம் முடிந்தது. ரிட்டயர் ஆகி இரண்டு வருஷம். எனக்கு ஒரே மகள், சாந்தி. அவளுக்கு ஒரே மகள், யாழினி. ஐந்து வயது. மிக்ஸி போட்டால் கட்டிலுக்கு அடியில் ஓடிவிடுவாள். சட்டைக் கழுத்தில் தைத்திருக்கும் துணித் துண்டைக் கத்தரித்து எடுத்தால்தான் போடுவாள். "வாய மூடு" என்று அவள் அப்பன் கத்தினால் இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டு, எடுக்கச் சொல்லும்வரை நிற்பாள்.

எங்கேயோ பார்த்த மாதிரி இல்லை? நீயும் ரவிக்கையை உள்பக்கம் வெளியே தெரியும்படி திருப்பித்தானே போடுவாய். தையல் குத்துகிறது என்பாய். அம்மா எத்தனை முறை தலையில் குட்டினாள்!

போன வாரம் பாண்டிச்சேரியில் ஒரு டாக்டரம்மாவிடம் குழந்தையைக் காட்டினோம். சின்னப் பெண்தான், ஆனால் பொறுமைசாலி. "இதுக்கு ஆட்டிசம்னு பேருங்க. இவ மனசு வேலை செய்யற விதமே வேற. நமக்கு ஒரு சத்தம் வந்துட்டுப் போயிடும். இவளுக்கு எல்லாச் சத்தமும் ஒண்ணா உள்ள வரும், எதையும் தள்ளி வைக்க முடியாது. சொன்னத சொன்னபடி எடுத்துப்பா. ஒரு கேள்விக்கு இதான் பதில்னு பிடிச்சிக்கிட்டா அப்புறம் அதேதான் வரும். அதனால பாத்து சொல்லிக் குடுங்க" என்றாள்.

கடைசி வார்த்தையைக் கேட்டதும் நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். சாந்தி கவனிக்கவில்லை. "உங்க குடும்பத்துல முன்னாடி யாராவது இப்படி இருந்தாங்களா?" என்று டாக்டரம்மா கேட்டாள். "இல்லீங்க டாக்டர்" என்றாள் சாந்தி. நான் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தேன், ஃபேனைப் பார்த்துக்கொண்டு. உன்னைப் பற்றி அவளிடம் நான் மூச்சுவிட்டதே இல்லை அக்கா.

அந்தப் பெண் பார்க்கும் நாள் உனக்கு நினைவிருக்கிறதா? கிளியனூரில் நம் கூரை வீட்டுக்கு மாப்பிள்ளை வீட்டார் வந்திருந்தார்கள். மாப்பிள்ளையின் அம்மா உன் மோவாயைப் பிடித்து, "சமைப்பியாடி கண்ணு?" என்றாள். நீ அந்தக் கையைத் தட்டிவிட்டு, "சோறு ஆக்குவேன். உங்க வாய் நாறுது" என்றாய். நான் சிரித்துத் தொலைத்தேன். அந்தம்மா எழுந்து முந்தானையை உதறினாள். "பேய் புடிச்ச பொண்ண எங்க தலையில கட்டப் பாக்குறீங்களா?"

அதற்கப்புறம் ஊர் வாய் சும்மா இருக்குமா? முந்தின வருஷம் வடக்குத் தெருக் கிணற்றில் விழுந்து செத்த பச்சையம்மாதான் உன்னைப் பிடித்துக்கொண்டாள் என்று முடிவே கட்டிவிட்டார்கள். ஆடி வெள்ளிக்கிழமை, உச்சி வெயிலில், அப்பா உன்னைப் பக்கத்து ஊர் அம்மன் கோயிலுக்குக் கூட்டிக்கொண்டு போனார். உனக்கு இருபது வயது, எனக்குப் பதினாறு.

வேப்பமரத்தடியில் உட்காரவைத்து உன் தலைமுடியை அவிழ்த்துவிட்டார்கள். இந்தக் காதருகே பம்பை மேளத்தோடு ஒருவர், அந்தக் காதருகே ஒருவர். தூரத்துக் கல்யாண வீட்டு ரேடியோ செட் சத்தத்துக்கே மல்லாட்டைச் செடிகளுக்குள் போய்ப் படுத்துக்கொள்கிறவள் நீ. உன் கை காதுக்குப் போகாமல் பிடித்துக்கொள்ளும் வேலையை என்னிடம் கொடுத்தார்கள். நானும் பிடித்துக்கொண்டேன். கெட்டியாகத்தான் பிடித்தேன் அக்கா.

"யாருடி நீ? பேரச் சொல்லு!" என்றார் பூசாரி.

"ராஜாம்பாள்."

வேப்பிலைக் கொத்தால் அடி. "பொய் சொல்லாத! யாரு நீ?"

"ராஜாம்பாள். எங்கப்பா பேரு வரதன்."

"எங்கேந்து வந்த?"

"ஊட்டுலேந்து."

சுற்றி நின்ற கூட்டம் சிரித்தது. "புடிவாதக்காரப் பேயா இருக்குதுடா" என்று யாரோ சொன்னார். மறுபடி பம்பை, மறுபடி அடி. எத்தனை முறை என்று நான் எண்ணவில்லை. நீ ஒவ்வொரு முறையும் உன் பேரையே சொன்னாய். உண்மையைச் சொன்னால் ஏன் அடிக்கிறார்கள் என்று உனக்குப் புரிந்திருக்குமா? அவர்களுக்கு வேறு ஒரு பேர் வேண்டியிருந்தது என்பதை நீ எப்படி ஊகிப்பாய்?

எனக்குத் தாங்கவில்லை. வெயிலும் தாங்கவில்லை, அதையும் ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன். குனிந்து உன் காதில், "பச்சையம்மான்னு சொல்லு அக்கா. கிணத்துலேந்து வந்தேன்னு சொல்லு. உட்டுடுவாங்க" என்றேன். நீ என் சட்டைப் பொத்தானையே பார்த்தாய். அப்புறம் சொன்னாய்: "பச்சையம்மா. கிணத்துலேந்து வந்தேன்."

பம்பை அந்த நொடியே நின்றது. கற்பூரம் ஏற்றினார்கள். அப்பா பூசாரி காலில் விழுந்தார். நீ இரண்டு நாள் எழுந்திருக்காமல் தூங்கினாய். "பொண்ணு தெளிஞ்சிட்டா" என்று அம்மா தெருவெல்லாம் சொன்னாள். நான் பெரிய புத்திசாலி என்று என்னையே மெச்சிக்கொண்டேன். தூ!

ஊரில் உன்னிடம் பேர் கேட்கப் போகிறவர்கள் யார்? எல்லோருக்கும் உன்னைத் தெரியும். அதனால் நீ அன்றைக்கு என்ன கற்றுக்கொண்டாய் என்பது இரண்டு வருஷம் யாருக்குமே தெரியவில்லை.

அதற்கப்புறம் அப்பா உன்னை முகையூர் அத்தை வீட்டுக்குக் கூட்டிப்போனார். வழியில் விழுப்புரம் ஜங்ஷனில் நீ தொலைந்தாய். "இன்ஜின் ஊதுச்சுடா. என் கைய உதறிக்கினு ஓடிட்டா" என்று அப்பா தனியாகத் திரும்பி வந்து அழுதார். தெருத் தெருவாகத் தேடினோம். அப்பா ஆஸ்பத்திரி வாசலிலும் போய், "ராஜாம்பாள்னு யாராச்சும் வந்திருக்காங்களா சாமி?" என்று கேட்டிருக்கிறார். நோட்டைப் புரட்டிவிட்டு, அப்படி யாரும் இல்லை பெரியவரே என்றார்களாம். உள்ளே போய் ஒரு எட்டுப் பார்க்கிறேன் என்று கேட்டிருக்கலாம். சட்டை போட்டவர்களிடம் இரண்டாம் முறை கேட்கிற பழக்கம் அப்பாவுக்கு இல்லை.

அப்போது நான் கண்டக்டர் வேலையில் சேர்ந்த புதிது. என் பஸ்ஸில் அந்த விழுப்புரம் ஆஸ்பத்திரி ஆயா ஒருத்தி பக்கத்துச் சீட்டுக்காரியிடம் பேசிக்கொண்டு வந்தாள்.

"பாவம், காய்ச்சல்ல ஒரு பொண்ணு செத்துப்போச்சு. போலீஸ்காரங்க இட்டுக்கினு வந்து உட்டாங்க. ரவிக்கைய திருப்பிப் போட்டுக்கினு இருந்துச்சு. பேரு இன்னான்னா பச்சையம்மான்னுது. எந்த ஊருடி, எங்கேந்து வந்தேன்னா கிணத்துலேந்து வந்தேன்னுது. எத்தினி வாட்டி கேட்டாலும் அதே பேச்சு. சொந்தக்காரங்கள எங்க போயித் தேடுறது?"

விசில் ஊத மறந்து நின்றேன். டிரைவர் கத்தினார்.

ஆயாவிடம் விசாரித்தேன், நீ அங்கே ஒன்பது நாள் இருந்தாயாம். அப்பா வாசலில் உன் பேரைச் சொல்லிக் கேட்டபோது நீ உயிரோடு உள்ளே படுத்திருந்தாய். யாரும் அடிக்கக் கூடாதே என்று சரியான பதிலைச் சொல்லிக்கொண்டு படுத்திருந்தாய். அப்பா அம்மாவிடம், அக்கா காய்ச்சலில் செத்துவிட்டாள் என்று மட்டும் சொன்னேன். மீதியை விழுங்கினேன். அவர்கள் போனபின் உன்னைப் பற்றிய பேச்சையே வீட்டில் எடுக்கவில்லை.

நேற்று சம்பந்தியம்மா வந்திருந்தாள், சாந்தியின் மாமியார். "டாக்டர் இன்னா சொல்றது? வர்ற வெள்ளிக்கிழமை கொழந்தைய கோயிலுக்கு இட்டுக்கினு போயி பம்பை அடிச்சிக் கேட்டா ஜல்தியா தெரிஞ்சிடும்" என்றாள். நம் அம்மன் கோயில்தான் அக்கா, அதே கோயில். சாந்தி தூக்கமில்லாமல் அலுத்துப்போயிருந்தாள். "ஒரு வாட்டி போய்ட்டுதான் வரட்டுமேப்பா. இன்னா ஆயிடப் போவுது?" என்றாள்.

இன்னா ஆகும் என்று எனக்குத் தெரியுமே! சொல்லிவிட்டேன். உன்னை, வேப்பமரத்தை, உன் காதில் நான் குனிந்ததை, அந்த ஆயா சொன்னதை. சொல்லி முடிக்கும்போது சம்பந்தியம்மா, "கட்டுக்கதை" என்று எழுந்து போய்விட்டாள்.

சாந்தி அழவில்லை. "எனக்கு ஒரு அத்தை இருந்தாங்களா? டாக்டர் கேட்டப்ப நீ பக்கத்துலதானப்பா உக்காந்துக்கினு இருந்த?" என்றாள். கோயிலுக்குப் போவதில்லை என்று அவள் புருஷனிடம் அங்கேயே தீர்த்துச் சொல்லிவிட்டாள். பிறகு குழந்தையைத் தூக்கிக்கொண்டு அறைக்குள் போனவள், கதவைச் சாத்தப் போகும்போது நின்றாள்.

"அப்பா, யாழினிக்கு நீ எதுனா சொல்லிக் குடுத்திருக்கியா?"

இல்லை என்று தலையாட்டினேன். அவள் நம்பினாளா என்று தெரியவில்லை. கதவைச் சாத்திக்கொண்டாள். காலையிலிருந்து குழந்தையை என் பக்கம் விடவில்லை. அவள் மேல் எனக்குக் கோபம் இல்லை அக்கா, அவள் இடத்தில் இருந்தால் நானும் விடமாட்டேன்.

புதன்கிழமை மறுபடி டாக்டரிடம் போகிறார்கள். என்னை யாரும் கூப்பிடவில்லை. கூப்பிடாவிட்டாலும் போவேன். முன்னால் ஒருத்தி இருந்தாள், அவள் பேர் ராஜாம்பாள் என்று எழுதிக்கொள்ளச் சொல்வேன். நான் செய்ததையும் எழுதிக்கொள்ளச் சொல்வேன். இது உன் மேல் சத்தியம்.

உன் கூடப் பிறந்த தம்பி,
மாணிக்கம்