கூடப் பிறந்தவன் சொல்ல வேண்டிய சொல்

மன்ரோவியா
மார்ச் 2015, கல்லறை நாள் கழிந்த மறு வாரம்

அன்புள்ள தம்பி முல்பாவுக்கு,

உன் அண்ணி நோவாய் எழுதுகிறேன். நானும் மகள் லோர்ப்புவும் உடம்பில் சூடு இல்லாமல் இருக்கிறோம். இப்போது இங்கே நலத்தை இப்படித்தான் சொல்லிக்கொள்கிறோம். கடை வாசல், தேவாலய வாசல், பள்ளிக்கூட வாசல் எங்கே போனாலும் நெற்றிக்கு நேரே துப்பாக்கி மாதிரி ஒன்றை நீட்டிச் சூடு பார்த்துத்தான் உள்ளே விடுகிறார்கள். நீயும் அங்கே பனியில் சுகமாக இருக்க வேண்டும் என்று தினமும் கேட்டுக்கொள்கிறேன்.

என் எழுத்து உனக்குத் தெரியும். தேவாலயத்தில் பெரியவர்களுக்கு நடத்திய வகுப்பில் படித்ததுதான். கோழி கிளறின குப்பை மாதிரி இருக்கிறது என்று உன் அண்ணன் சிரிப்பார். நிதானமாகப் படி. போனில் சொல்லலாம் என்றால் நீ எடுப்பதில்லை. மகனைப் பார்க்க மினசோட்டா வரும் மூசு அக்காவிடம் கொடுத்துவிடுகிறேன். வேறு யார் கையிலும் கொடுக்கக் கூடாது என்று சொல்லியிருக்கிறேன்.

பள்ளிக்கூடம் போன மாதம் திறந்துவிட்டார்கள். முதல் நாள் லோர்ப்பு பக்கத்தில் யாரும் உட்காரவில்லை. ஒருத்தி, "உங்கப்பாவ லாரியில ஏத்திட்டுப் போனாங்கல்ல, தள்ளிப் போ"ன்னு சொன்னாளாம். இவள் விட்டாளா? "எங்கப்பாவ நான் தொட்டிருந்தா இங்க வந்து ஒங்கூட சண்ட போட்டுட்டிருப்பனா, லூசு?"ன்னு கேட்டிருக்கிறாள். இப்போது இரண்டு பேரும் ஒரே தட்டில் சாப்பிடுகிறார்கள். அவள் இதை என்னிடம் சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். நான் அடுப்பைப் பார்க்கிற மாதிரித் திரும்பிக்கொண்டேன்.

என் மீன் வியாபாரமும் மெல்ல எழுந்து நிற்கிறது. கிறிஸ்துமஸ் வரைக்கும் என் பலகைக்கு முன்னால் நாய்கூட நிற்கவில்லை. பிறகு ஒருநாள் அரிசிக் கடைக்காரி வந்து, "ஏய் நோவாய், ஒன் மீனு புகையில வெந்ததுதான? எந்தக் கிருமியா இருந்தாலும் மூச்சு முட்டிச் செத்திருக்கும், ரெண்டு குடு"ன்னு சத்தமாகச் சொல்லி வாங்கினாள். சுற்றி இருந்தவர்கள் சிரித்தார்கள். அதற்குப் பிறகு வர ஆரம்பித்தார்கள். ஆனால் யாரும் கை கொடுப்பதில்லை, தம்பி. நம் வழக்கப்படி விரலைச் சொடுக்கிக் கை குலுக்காமல் நம் ஆட்கள் நேருக்கு நேர் நின்று முழங்கையை ஆட்டிக்கொள்வதைப் பார்த்தால் உனக்குச் சிரிப்பு வரும். எனக்கு வருவதில்லை.

இதற்கு மேல் எழுத வேண்டியதைத்தான் எழுத வேண்டும்.

உன் அண்ணனுக்கு ரத்தக் கொதிப்பு பல வருஷமாக உண்டு என்பது உனக்குத் தெரியும். ஆகஸ்டில் தலைவலி என்று படுத்தார், பிறகு வாந்தி. ஊரெல்லாம் தொட்டாலே ஒட்டிக் கொல்கிற அந்த நோயின் பேச்சாக இருந்த நேரம். அவர் நம்பவே இல்லை. "நோயாவது ஒண்ணாவது. வெள்ளக்காரன்கிட்ட காசு வாங்க மேல இருக்கறவன் கட்டுன கத. சண்ட நேரத்துலயும் ரேடியோல இப்படித்தான் பொய் சொன்னானுங்க"ன்னு படுத்த இடத்திலிருந்தே வைதார். அவரைக் குறை சொல்ல மாட்டேன். எந்த அரசாங்கம் நம்மிடம் உண்மை பேசியிருக்கிறது, இதை மட்டும் நம்புவதற்கு?

ஆஸ்பத்திரிக்கு நடத்தியே கூட்டிப் போனேன். வாடகை மோட்டார் பைக்குக்காரன் ஒருத்தனும் ஏற்றவில்லை. முதல் ஆஸ்பத்திரி வாசலில் பூட்டு. இன்னொன்றில் காவல்காரர் கேட்டுக்கு உள்ளேயிருந்து, "அம்மா, உள்ள டாக்டரே இல்ல. போன வாரம் டாக்டரத்தான் பொதச்சோம். வீட்டுக்குப் போங்க"ன்னு கையெடுத்துக் கும்பிட்டார். வீட்டுக்கு வந்தோம்.

அன்றைக்குத்தான் நீ போன் செய்தாய். "அண்ணி, அண்ணனத் தொடாதீங்க. தண்ணிய வாசல்ல வச்சிட்டு நகந்துருங்க. லோர்ப்புவ உள்ள விடாதீங்க. ரேடியோல சொல்ற நம்பருக்குக் கூப்பிடுங்க, வண்டி வரும். கடவுள் மேல ஆண, தொடாதீங்க"ன்னு சொன்னாய். சொல்லும்போதே அழுதாய். படித்தவன் நீ, அங்கே வயதானவர்களைக் குளிப்பாட்டி மருந்து கொடுக்கிற வேலையில் இருக்கிறவன். உனக்குத் தெரியாமலா சொல்வாய் என்று அப்படியே செய்தேன்.

விளக்குமாற்றுக் கம்பால் தண்ணீர்க் கிண்ணத்தை உள்ளே தள்ளினேன். பாதி கொட்டிப்போகும். அவர் முகத்தைத் துடைக்கச் சொன்னார். நான் வாசலிலேயே நின்றேன். "நோவாய், நான் என்ன பாம்பா?"ன்னு கேட்டார். கோபத்தோடு கேட்கவில்லை. தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். நான் அந்த நம்பருக்குக் கூப்பிட்டுக்கொண்டே இருந்தேன். வண்டி வந்தபோது அவர் உயிர் போய்விட்டிருந்தது.

வெள்ளை உடுப்புக்காரர்கள் மருந்து தெளித்துப் பையில் போட்டு மூடினார்கள். ஞாயிற்றுக்கிழமை போடுகிற நீலச் சட்டையையாவது கூட வையுங்கள் என்று கேட்டேன். ஒருவர் வாங்கி வைத்தார். "எம் பொண்டாட்டியும் என்ன வீட்டுக்குள்ள விடறதில்லம்மா"ன்னு முகமூடிக்குள்ளிருந்து சொன்னார். எனக்கு ஆறுதலாகச் சொன்னாரோ, தன் குறையைச் சொன்னாரோ தெரியாது. எங்கே புதைப்பீர்கள் என்று கேட்டேன். அவர் வண்டியில் ஏறிவிட்டார்.

புதைக்கவில்லை என்பது பிறகுதான் தெரிந்தது. பட்டணத்தில் சாகிற எல்லோரையும் எரிக்கச் சொல்லி மேலிடத்து உத்தரவு. ஏர்போர்ட் சாலையில் இந்தியக்காரர்கள் தங்கள் ஆட்களை எரிக்கிற இடம் இருக்கிறதே, அங்கே கொண்டுபோய் எரித்தார்கள். எனக்கு உப்பு கொடுக்கிற இந்தியக் கடைக்காரர், "எங்கப்பாவையும் அங்கதாம்மா எரிச்சேன், நல்லாத்தான் போனாரு, பயப்படாத"ன்னு சொன்னார். நல்ல மனிதர். அவர் அப்பாவுக்கு அது வழி. மகன் தீ வைத்தான், மந்திரம் சொன்னார்கள், போய்ச் சேர்ந்தார். உன் அண்ணனுக்கு யார் இருந்தார்கள்? கையில் காசிருந்தவர்கள் வேறு வியாதி என்று எங்கேயோ காகிதம் வாங்கி, பெட்டியில் வைத்து, பாட்டுப் பாடிப் புதைத்தார்கள். அதையும் இதே கண்ணால் பார்த்தேன்.

சோதிக்க அவர் ரத்தம் எடுத்தார்களா, எடுத்தால் என்ன வந்தது என்று இன்றுவரை யாரும் எனக்குச் சொல்லவில்லை. கேட்கப் போன இடத்திலெல்லாம் இன்னொரு இடத்தைக் காட்டினார்கள். அதுதான் வியாதி என்றால் நீ என்னையும் லோர்ப்புவையும் காப்பாற்றினாய். அவருடைய பழைய கொதிப்புதான் என்றால் ஒன்றுமில்லாததற்குப் பயந்து அவரைத் தாகத்தோடு அனுப்பினேன். இரண்டில் எது என்று இனி யாராலும் சொல்ல முடியாது. பக்கத்து வீட்டுக் கம்ஃபர்ட் செத்துப்போன தன் அம்மாவை ஒளித்து வைத்து, நம் வழக்கப்படி குளிப்பாட்டி, தலை பின்னி, எண்ணெய் தடவிப் புதைத்தாள். இன்றைக்கு அந்த வீட்டுக் கதவைத் திறக்க ஆளில்லை. அந்தக் கதவைத் தாண்டித்தான் தினமும் சந்தைக்குப் போகிறேன். சில நாள் அவளை நினைத்து அழுகிறேன். சில நாள், இதைச் சொன்னால் திட்டுவாய், அவள் மேல் பொறாமையாக இருக்கிறது.

போன புதன்கிழமை கல்லறை நாள். எரித்த சாம்பலையெல்லாம் பீப்பாய்களில் அடைத்து புது இடுகாட்டுக்குக் கொண்டுவந்திருக்கிறார்கள் என்று கேள்விப்பட்டு லோர்ப்புவோடு போனேன். எல்லோரையும் போல நானும் கல்லறைக்கு வெள்ளையடிக்கச் சுண்ணாம்பும் தூரிகையும் பூவும் கொண்டு போனேன். போய்ப் பார்த்தால் பீப்பாய்தான் இருக்கிறது, பெயர் இல்லை. எல்லோரும் ஒன்றாகக் கலந்து கிடக்கிறார்கள். சுண்ணாம்பு வாளியைக் கையில் பிடித்துக்கொண்டு நூற்றுக்கணக்கான பேர் நிற்கிறோம், அடிக்கத்தான் ஒரு கல்லறை இல்லை. ஒருத்தி வேலிக் கம்பத்துக்கு வெள்ளையடிக்க ஆரம்பித்துவிட்டாள். காவலுக்கு நின்ற பையன், "அம்மா, அது அரசாங்கக் கம்பம்"னு தடுத்தான். "எம் மவனையும் அரசாங்கந்தான்டா எடுத்துச்சு, கம்பத்தையாவது விடு"ன்னு அவள் அடித்துக்கொண்டே இருந்தாள். அவன் தொப்பியைக் கழற்றிக்கொண்டு தள்ளிப் போய் நின்றான். பிறகு நாங்கள் எல்லோரும் ஆளுக்கொரு கம்பமாக அடித்தோம்.

மறுநாள் ஊருக்குப் போனேன். பெரியப்பா டோலோ வரச்சொல்லி ஆள் அனுப்பியிருந்தார். பஞ்சாயத்துக் கூடுகிற பேச்சுக் குடிசையில் குடும்பம் முழுக்க உட்கார்ந்திருந்தது. உன் அத்தை மகன் முதலில் ஆரம்பித்தான். "எங்கண்ணன மனுசன்னு குடுத்தியா, வெறகுன்னு குடுத்தியா?"ன்னு கேட்டான். பெரியப்பா அவனை அடக்கிவிட்டு, "ஏம்மா மருமகளே, வண்டியக் கூப்புடச் சொன்னது யாரு?"ன்னு கேட்டார்.

நானேதான் கூப்பிட்டேன் என்று சொன்னேன். வேறு ஒன்றும் சொல்லவில்லை. இனியும் சொல்ல மாட்டேன்.

உடல் இல்லாமல் சாவுச் சோறு ஆக்கலாமா என்று நெடுநேரம் பேசினார்கள். கடைசியில் பெரியப்பா, "காலம் கெட்டுப்போச்சு, ஒடம்பு இல்லாட்டியும் செய்யலாம். ஆனா ஒரே வயித்துல பொறந்தவன் வாயத் தொறந்து, எங்கண்ணன் போயிட்டான், அவனுக்கு வழி விடுங்கன்னு சொல்லாம நம்ம வீட்டுல அடுப்புப் பத்தாது. முல்பாவக் கூப்புடு"ன்னு சொன்னார். அங்கேயே எல்லோருக்கும் கேட்கிற மாதிரி வைத்து உனக்குப் போன் போட்டேன். மணி அடித்தது. அத்தனை பேரும் குனிந்து அந்தச் சின்னப் பெட்டியையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அடித்து நின்றது. மறுபடியும் போட்டேன். "அமெரிக்காவுல காது அடைக்குமோ, அவ்ளோ குளிராமே"ன்னு ஒரு கிழவர் சொன்னார், இரண்டு மூன்று பேர் சிரித்தார்கள். வேலைக்குப் போயிருப்பான், அவன் வேலை அப்படி என்று நான் சொன்னேன். யாரும் நம்பவில்லை.

மழை பிடித்து நெல் விதைக்கிற வரைக்கும் பொறுப்பேன் என்று பெரியப்பா சொல்லியிருக்கிறார். அதற்குப் பிறகு இந்தப் பேச்சை எடுக்கக் கூடாது என்று சொல்லிவிட்டார். அப்படி விட்டுவிட்டால், சோற்றை இலையில் வைத்து நம் செத்தவர்களின் பெயரைச் சொல்லும்போது உன் அப்பா பெயரைச் சொல்வார்கள், தாத்தா பெயரைச் சொல்வார்கள். உன் அண்ணன் பெயர் வராது. நான் துக்கத்துக்கு உடுத்திய இந்தக் கறுப்புத் துணியைக் கழற்றாமலே இருந்துவிடுவேன், அது ஒன்றும் பெரிதில்லை. அவர் எங்கேயும் சேராமல் நிற்கக் கூடாது, தம்பி. வீட்டிலும் அவரைத் தனியாகத்தான் கிடத்தினோம்.

நீ ஏன் எடுப்பதில்லை என்று எனக்குத் தெரியும். கோபம் என்று ஊரில் நினைக்கிறார்கள். நினைத்துவிட்டுப் போகட்டும். நீ பெரியப்பாவைக் கூப்பிட்டு அந்த ஒரு வார்த்தையைச் சொன்னால் போதும். என்ன நடந்தது, யார் என்ன சொன்னார்கள் என்று ஒருவரும் உன்னைக் கேட்க மாட்டார்கள். கேட்க வேண்டியதற்கெல்லாம் நான் பதில் சொல்லியாகிவிட்டது. சொல்லும்போது அழுகை வந்தால் அழு. அண்ணனுக்காக அழுகிறான் என்றுதான் நினைப்பார்கள். அதுவும் உண்மைதானே.

லோர்ப்பு உன்னைக் கேட்டுக்கொண்டே இருக்கிறாள். உயரமாகிவிட்டாள், நடை அவள் அப்பாவுடையது. அவள் பள்ளிக்கூடம் போவதைப் பார்க்கும்போதெல்லாம், அன்றைக்கு நீ சொன்னது சரிதான் என்று வைத்துக்கொள்கிறேன். தினமும் புதிதாக வைத்துக்கொள்ள வேண்டியிருக்கிறது, ஆனாலும் வைத்துக்கொள்கிறேன். உன்னால் முடிந்தால் நீயும் அப்படியே வைத்துக்கொள், என் தம்பி. கடவுள் உனக்குத் தூக்கம் கொடுக்கட்டும்.

உன் அண்ணன் கெர்குலாவின் மனைவி,
நோவாய்