சாயங்காலத் தள்ளாட்டம்

1 டிசம்பர் 2020, செவ்வாய்

நாளை முதல் முதுகலை இரண்டாமாண்டுக்கு நேர்வகுப்பு. இத்தனை மாதம் திரையில் பெயர்களைப் பார்த்துப் பாடம் நடத்தினேன். இனி முகக்கவசங்களைப் பார்த்து நடத்த வேண்டும். முன்னேற்றம்தான்.

சென்னையில் இடஒதுக்கீட்டுப் போராட்டம். எங்கள் சாதிக்குத் தனியாக இருபது விழுக்காடு வேண்டுமாம். நைனார்பாளையத்திலிருந்து வேன் போயிருக்கிறது. பூமாலை மாமா முன்சீட்டில் உட்கார்ந்து போனாராம். அம்மா தன் தம்பியைப் பற்றிப் பெருமையாகப் போனில் சொன்னாள். எண்பத்தேழில் சாலையில் மரம் வெட்டிப் போட்டபோதும் அவர் முன்னால்தான் நின்றார். அதற்குப் பிறகு வந்த ஒதுக்கீட்டில்தான் எனக்கு எம்.எஸ்சி. இடம் கிடைத்தது. அதனால் இந்தக் கள்ளக்குறிச்சி வாடகை வீட்டில் தனியாக உட்கார்ந்து கிண்டல் செய்ய எனக்கு உரிமை குறைவு.

என் தம்பி கண்ணாயிரமும் போனானா என்று கேட்டேன். அம்மா பேச்சை மாற்றிவிட்டாள்.

4 டிசம்பர், வெள்ளி

விடாத மழை. பாதி மாணவிகள்தான் வந்தார்கள். யுபிக்விட்டின் பாடம்.

செல்லுக்குள் வேலை முடிந்த புரதம், கெட்டுப்போன புரதம் இவற்றின் மேல் ஒட்டப்படும் சின்னச் சீட்டு அது. மூன்று வகை நொதிகள் சேர்ந்து ஒட்டுகின்றன. முதல் வகை சீட்டைத் தயார் செய்கிறது. இரண்டாவது சுமந்து வருகிறது. மூன்றாவதுதான் எதன்மேல் ஒட்டுவது என்று ஆளை அடையாளம் காண்கிறது. ஒட்டியாயிற்று என்றால் அரவைதான். முதல் வகையில் ஒன்றிரண்டு நொதிகள் போதும், மூன்றாவதில் நூற்றுக்கணக்கில் உண்டு. அழிப்பது சுலபம், யாரை அழிப்பது என்பதுதான் கஷ்டம் என்றேன். முகக்கவசத்துக்குப் பின்னால் யாரும் சிரித்ததாகத் தெரியவில்லை.

நோய்களுக்கு வந்தேன். கருப்பைவாய்ப் புற்றை உண்டாக்கும் வைரஸ் செல்லின் சொந்த நொதியையே ஏவி, காவல் புரதத்தின் மேல் சீட்டை ஒட்டவைத்துவிடுகிறது. கடைசி ஸ்லைடு, பார்க்கின். மூன்றாம் வகை நொதி. அது இல்லாவிட்டால் இள வயதிலேயே பார்க்கின்சன் நோய். மணி அடித்துவிட்டது. வருஷா வருஷம் அந்த ஸ்லைடுக்கு வரும்போதுதான் அடிக்கிறது.

6 டிசம்பர், ஞாயிறு

அம்சவள்ளி வந்தாள். தம்பி மனைவி, மாமாவின் மகள். நாற்காலியில் உட்காராமல் கதவோரம் நின்றுகொண்டே அழுதாள்.

“காலையில ராஜா மாதிரி போறாருங்க அண்ணி. சாயங்காலம் வர்றப்போ பாக்கணும். காலு ஒரு பக்கம் இழுக்குது, பேச்சு ஒரு பக்கம் கொழறுது.”

“வாசனை அடிக்குதா?”

“இப்போல்லாம் வாசனையே இல்லாத சரக்கு வருதாம் அண்ணி.”

எனக்குச் சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டேன்.

கண்ணாயிரம் வெள்ளிமலைக்கு மினி லாரி ஓட்டுகிறான். மரவள்ளிக் கிழங்கு ஏற்றிவந்து சின்னசேலம் ஜவ்வரிசி ஆலையில் இறக்குவது வேலை. கள்ளச்சாராயம் காய்ச்சும் கல்வராயன் மலைக்குப் போய்வருகிறவன் தள்ளாடினால் இந்தப் பக்கத்தில் அதற்கு ஒரே அர்த்தம்தான். போதாததற்கு, பொங்கலுக்கும் கல்யாணத்துக்கும் குடித்தவன்தான்.

“ரெண்டு மணி நேரம் படுத்து எந்திரிச்சா தெளிஞ்சிடுது. வேற இன்னாங்க அது?” என்றாள்.

மாலையில் அவனுக்குப் போன் செய்தேன். “குடிக்கலக்கா” என்றான். குரல் கிணற்றுக்குள்ளிருந்து வந்தது. எல்லாரும் சொல்வதுதான் அது.

14 டிசம்பர், திங்கள்

கிராம நிர்வாக அலுவலகங்களில் மனு கொடுக்கும் போராட்டம். பொழுது சாயும் நேரத்தில் மாமா போனில் கத்தினார்.

“சாராயம் வேணாம்னு மேடைக்கு மேடை பேசுற சங்கம்மா நம்மளது! கொடியப் புடிச்சிகினு நடுரோட்ல வுழுறான் உன் தம்பி. எதுத்த தெருக்காரன்லாம் கை கொட்றான். வுட்டேன் ஒரு அறை.”

வரும் ஞாயிற்றுக்கிழமை அவனைக் குடி மறுவாழ்வு மையத்துக்குக் கொண்டுபோகப் போகிறார்களாம். வீட்டுக்கே வண்டி வரும், மூன்று மாதம் வெளியே விடமாட்டார்கள். துள்ளினால் ஊசி போட்டு அடக்கிவிடுவார்களாம். அம்சவள்ளி பிள்ளைகளோடு அப்பன் வீட்டுக்கு வந்துவிடுகிறாள். “மூணு மாசத்துல திருந்துனா பாக்கலாம். இல்லன்னா பஞ்சாயத்துல தீத்து வுட்டுடலாம்.”

சரி என்றேன். ஒருவிதத்தில் நிம்மதியாகக்கூட இருந்தது.

15 டிசம்பர்

குடித்துவிட்டுத் தூங்கி எழுந்தவனுக்குத் தலையல்லவா வலிக்க வேண்டும்? இவன் ராஜா மாதிரி போகிறானாமே.

16 டிசம்பர், புதன்

கண்ணாயிரம் விழுந்ததை எவனோ படம் எடுத்து வாட்ஸப்பில் போட்டிருக்கிறான், சிரிக்கும் பொம்மைகளோடு. திரும்பத் திரும்பப் பார்த்தேன்.

குடித்தவன் அகலமாகக் கால் வைத்து இரண்டு பக்கமும் ஆடுவான். இவன் ஆடவில்லை. குட்டிக் குட்டி அடி, இடது பாதம் உள்பக்கம் மடங்குகிறது. இடது கை வீசவே இல்லை. உடம்பு முன்னால் போகிறது, கால் கூட வரவில்லை. விழுந்தான். விழும்போதுகூட முகத்தில் ஒன்றும் மாறவில்லை.

பார்க்கின்?

ஜெயசுதா, நிதானம். இந்த மாதம் வேறு பாடம் நடத்தியிருந்தால் வேறு நோய் சொல்லியிருப்பாய்.

ஆனாலும் கட்டுரைகளை எடுத்துப் படித்தேன். நாற்பது வயதுக்குள் ஆரம்பம், இவனுக்கு இன்னும் நாற்பது ஆகவில்லை. பாதம் மடங்குதல். மாலையில் மோசம், தூங்கி எழுந்தால் தெளிவு. சொந்தத்தில் கல்யாணம் செய்த பெற்றோரின் பிள்ளைகளிடம் அதிகம். அம்மா கட்டிக்கொண்டது சொந்தத் தாய்மாமனை.

இன்னொன்றும் படித்தேன். ஆட்களை அடக்கப் போடும் சில ஊசிகள் இந்த நோயாளியை மரக்கட்டையாக்கிவிடும்.

ஞாயிறு வண்டி வரும்.

17 டிசம்பர், வியாழன்

மாமாவிடம் பேசினேன். “நீ படிச்சவ, தம்பிக்குப் பரிஞ்சிகினு வர்ற” என்றார். பரியவில்லை மாமா, எனக்கும் சந்தேகம்தான் என்றேன். ஒரே ஒரு நாள் கேட்டேன். சனிக்கிழமை அவனை என் வீட்டுக்குக் கூட்டி வாருங்கள். காலையிலிருந்து கண்ணைவிட்டு அகலாமல் காவல் இருங்கள். சாயங்காலம் தள்ளாடாவிட்டால் நானே வண்டியில் ஏற்றிவிடுகிறேன்.

“தள்ளாடலன்னா எதுக்கும்மா ஏத்தணும்?”

“காவல் இருந்தா தள்ளாடமாட்டான்னா, தெனமும் குடிச்சிருக்கான்னுதானே அர்த்தம்?”

மாமா “ஆமால்ல” என்றார்.

19 டிசம்பர், சனி

காலையில் இருவரும் வந்தார்கள். கண்ணாயிரம் மாடிப்படியைத் தாவி ஏறினான். “பாத்துக்க, எப்படி ஏர்றான்” என்றார் மாமா, குற்றச்சாட்டு மாதிரி.

மாமா மும்முரமாகக் காவல் இருந்தார். அவன் சட்டைப்பையைத் தடவினார். தண்ணீர்ச் செம்பை மோந்து பார்த்துவிட்டுத்தான் கொடுத்தார். அவன் கழிப்பறைக்குப் போனால் கதவுக்கு வெளியே நின்று இருமிக்கொண்டிருந்தார். மத்தியானம் கருவாட்டுக் குழம்பு. இருவரும் நன்றாகச் சாப்பிட்டார்கள். தொலைக்காட்சியில் இடஒதுக்கீட்டு விவாதம். மாமா திரையைப் பார்த்துத் திட்டினார். கண்ணாயிரமும் சிரித்தான். அவன் குடிகாரனாக இருந்தால் நல்லதா, நோயாளியாக இருந்தால் நல்லதா? எதற்கு வேண்டிக்கொள்வது? வேண்டிக்கொள்ளும் வழக்கமும் எனக்கு இல்லை.

வெயில் சாய்ந்ததும் ஆரம்பித்தது. முதலில் இடது கால் விரல்கள் சுருண்டன. பிறகு தேநீர் டம்ளரைப் பிடிக்கப் போன கை பாதியில் நின்றது.

“மாமா, கீழ வெச்சிடுங்க. கையி வரல.”

மாமா என்னைப் பார்த்தார். அவனை எழுப்பி வாசல்வரை நடக்கச் சொன்னேன். நிலைப்படியருகே பாதம் இரண்டும் தரையோடு ஒட்டிக்கொண்ட மாதிரி நின்றுவிட்டான். தாண்ட முடியவில்லை. சாய்ந்தவனை மாமாதான் பிடித்தார். அவன் வாயருகே மூக்கைக் கொண்டுபோய் மோந்தார். கருவாட்டு வாசனை மட்டும்தான் வந்திருக்கும்.

படுக்க வைத்தோம். தூங்கி எழுந்து தானே வெளியே போய் முகம் கழுவிக்கொண்டு வந்தான்.

“ஜெயா, நீ எதும் கலந்துட்டியா?”

“நானா?”

“நீ கெமிஸ்ட்ரி படிச்சவளாச்சே.”

“உயிர்வேதியியல், மாமா.”

அவர் துண்டை மடியில் வைத்து மடித்துப் பிரித்து, மடித்துப் பிரித்து... கடைசியில், “டேய், அன்னிக்கு எல்லார் எதுர்லயும் உன்ன அறைஞ்சிட்டனே” என்றார்.

“வலிக்கல மாமா. சத்தந்தான் ஜாஸ்தி” என்றான் கண்ணாயிரம்.

மையத்துக்குப் போன் போட்டு வண்டி வேண்டாம் என்று மாமாவே சொன்னார்.

21 டிசம்பர், திங்கள்

சேலம். அம்சவள்ளியும் வந்திருந்தாள். நரம்பியல் மருத்துவர் சின்னப் பெண், என் மாணவிபோல் இருந்தாள். விரலைத் தட்டச் சொன்னாள், நடந்து திரும்பச் சொன்னாள், கையை மடக்கி விரித்துப் பார்த்தாள்.

“குடிப்பீங்களா?”

“சொன்னா நம்பமாட்டாங்க டாக்டர்.”

“நான் நம்பறேன், சொல்லுங்க.”

அவன் முகத்தில் ஒரு தசைகூட அசையாமல் கண்ணீர் மட்டும் வழிந்தது.

பார்க்கின்சனாகத்தான் தெரிகிறது, இந்த வயதில் என்றால் மரபணுவையும் பார்த்துவிடலாம் என்று அவன் ரத்தமும் அம்சவள்ளி ரத்தமும் எடுத்தாள். சின்ன அளவில் மாத்திரை. மலையில் வண்டி ஓட்டக் கூடாது. பார்க்கின் என்ற வார்த்தையை அவளாகச் சொல்லட்டும் என்று காத்திருந்தேன். சொன்னாள்.

24 டிசம்பர்

ஒரு மாற்றமும் தெரியவில்லை. எதிர்பார்ப்பை வளர்க்கக் கூடாது.

29 டிசம்பர், செவ்வாய்

அம்சவள்ளி போன் செய்தாள். “அண்ணி, திட்டுறாருங்க!”

“யாரு?”

“உங்க தம்பிதான். கொழம்புல உப்பு ஜாஸ்தியாம். தெருமுனை வரைக்கும் கேக்குது அண்ணி. சாயங்காலத்துல இப்படிச் சத்தம் போட்டு எத்தினி வருசம் ஆச்சு!”

அவள் அழுகிறாளா சிரிக்கிறாளா என்று தெரியவில்லை. நான் போனை வைத்துவிட்டு எழுந்து வீட்டுக்குள்ளேயே நடந்தேன். மாத்திரை கேட்கிறது. நம்பலாமா? கொஞ்சம் நம்பலாம்.

14 ஜனவரி 2021, பொங்கல்

நைனார்பாளையம் போயிருந்தேன். கண்ணாயிரத்துக்கு ஆலையிலேயே எடைமேடையில் வேலை கொடுத்துவிட்டார்கள். பொங்கல் பானையை அவனே இறக்கினான். அம்சவள்ளி கூடவே கை நீட்டிக்கொண்டிருந்தாள், பிடிக்கவில்லை.

மாமா கேட்டார். “அப்படி இன்னாதான்மா கெட்டுப்போச்சி அவன் உடம்புல?”

அவர் கரும்பு போடுகிறவர். “சர்க்கரை ஆலை எப்போ கட்டிங் ஆர்டர் குடுக்கும் மாமா?”

“ஃபீல்டுமேன் வந்து, இந்தக் கரும்புக் கொல்ல முத்திப்போச்சின்னு எழுதிக்கினு போவணும்.”

“செல்லுக்குள்ளயும் அப்படித்தான். ஆர்டர் அடிக்க ஒரு ஆளு, எடுத்துகினு வர ஒரு ஆளு, எந்தக் கொல்லன்னு காட்ட ஃபீல்டுமேன். கண்ணாயிரத்துக்கு மூளையில ஒரு எடத்துல அந்த ஃபீல்டுமேன் இல்ல. ஓஞ்சிபோன பாகம்லாம் வெட்டாம அப்படியே நிக்குது.”

“பூத்துப்போய் நிக்கும்.”

“ஆமா.”

“கரும்பு பூத்துட்டா பக்கத்துக் கொல்லக்கும் கஷ்டம்தான்” என்று தனக்குள் சொல்லிக்கொண்டார். எல்லா உவமையும் ஒரு இடத்தில் ஒழுகும். இது பெரிதாக ஒழுகவில்லை.

அம்சவள்ளி என்னைத் தனியாகக் கூப்பிட்டாள். “பசங்களுக்கும் வருமா அண்ணி?”

பொய் சொல்லவில்லை. “உன் ரத்தத்துலயும் அந்தக் குறை இருந்தா வர வாய்ப்பிருக்கு. இல்லன்னா வராது. ரிப்போர்ட் வரட்டும்.”

“நானும் அவருக்கு மாமன் மவதானே அண்ணி” என்றாள். சுபாஷும் சுபஸ்ரீயும் கரும்பை இழுத்துக்கொண்டு ஓடினார்கள். இருவர் பாதத்தையும் பார்த்தோம், அவளும் நானும்.

29 ஜனவரி, வெள்ளி

ஆட்சியர் அலுவலகத்தின் முன் போராட்டம். கல்லூரி முடிந்து போனேன், ஓரமாக நின்றேன். பொழுது இறங்கும் நேரம். ஊர்வலத்தில் கண்ணாயிரம் கொடியோடு வந்தான். பக்கத்தில் மாமா, எதுவும் தெரியாதவர்போல், ஒரு கையை மட்டும் அவன் இடுப்புக்குப் பின்னால் வைத்துக்கொண்டு. அந்தக் கைக்குக் கடைசிவரை வேலை இல்லை.

12 பிப்ரவரி, வெள்ளி

அறிக்கை வந்தது. பார்க்கின்தான். அவன் மரபணுவின் இரண்டு பிரதியிலும் ஒரே துண்டைக் காணோம்.

அம்சவள்ளியின் இரண்டு பிரதியும் முழுதாக இருக்கின்றன. பிள்ளைகள் குறையைச் சுமப்பார்கள், நோய் வராது. மறுபடியும் படித்தேன். ஆய்வகத்தின் பெயர், மாதிரி எண், எல்லாம் சரிபார்த்தேன். பிறகுதான் அவளுக்குச் சொன்னேன். “அப்ப எம் புள்ளைங்க தப்பிச்சிச்சிங்களா?” என்றாள். தப்பித்தார்கள் என்றேன்.

நோய் தீராது. சில வருஷங்களில் மாத்திரையே கைகாலை ஆட்டிவைக்கும், அளவை மாற்றிக்கொண்டே போக வேண்டும். ஆனால் பார்க்கின் வகை மெதுவாக நகர்வது. நேரம் இருக்கிறது. இந்த நொதியின் வேலையை வேறு வழியில் செய்துவைக்க உலகத்தில் யார் யாரோ முயல்கிறார்கள். வழக்கமாக இதை நான் நம்பமாட்டேன்.

26 பிப்ரவரி, வெள்ளி

சட்டமன்றத்தில் மசோதா நிறைவேறிவிட்டது. இருபது கேட்டு, பத்தரை. நீதிமன்றத்தில் நிற்குமா என்று தெரியாது. தெருவெல்லாம் வெடி.

வெடிச்சத்தத்துக்கு நடுவே அம்சவள்ளியின் போன். கொதித்துக்கொண்டிருந்தாள்.

“அண்ணி, உங்க தம்பி குடிச்சிட்டு வந்திருக்காருங்க!”

“அம்சா, மறுபடியும் ஆரம்பிக்காதே...”

“இல்லண்ணி, நெஜமாவே! வூடு பூரா நாறுது. சட்டம் வந்த சந்தோசமாம். வாங்கிக் குடுத்ததே எங்கப்பாதான், மேடையில பேசுற மனுசன்! இவரு ஆலையிலருந்து நேரா நடந்து வந்து, செருப்ப ஜோடியா ஓரத்துல வெச்சிட்டு, ‘இன்னிக்கி நெசமாவே குடிச்சேன்டி, தள்ளாடுறனா பாரு’ன்னு எம் முன்னாடி போறாரு வர்றாரு.”

“தள்ளாடுறானா?”

“எங்க தள்ளாடுறாரு! கோடு போட்ட மாதிரி நடக்குறாரு. சிரிக்காதீங்க அண்ணி. நீங்க வந்து திட்டுனாதான் கேப்பாங்க ரெண்டு பேரும்.”

மாத்திரையோடு குடிக்கலாமா என்று காலையில் மருத்துவரைக் கேட்க வேண்டும். கூடாது என்றுதான் சொல்வாள். சொல்லட்டும். நாளை முதல் பேருந்தில் நைனார்பாளையம் போகிறேன். அவனைத் திட்ட முதன்முறையாகச் சரியான காரணம் கிடைத்திருக்கிறது.